மான் குலுக்கலில் இரண்டு பெயர்

1

சென்ற அக்டோபரில் டெக்சாஸ் மாநில வனவிலங்குத் துறையிடமிருந்து எனக்கு ஒரு மின்னஞ்சல் வந்தது. 'வாழ்த்துகள்' என்று தொடங்கியது. எழுபத்து நான்கு வயதுக்காரனுக்கு அப்படித் தொடங்கி வரும் அஞ்சல்களில் பத்தில் ஒன்பது ஏமாற்று வேலை. அனுப்பியவர் முகவரியை எழுத்தெழுத்தாகச் சரிபார்த்துவிட்டுத்தான் திறந்தேன். உண்மையான அஞ்சல்தான். ஜனவரியில், பேர்லேண்டில் உள்ள எங்கள் வீட்டிலிருந்து காரில் ஐந்து மணி நேரத் தொலைவில், அரசுக் காடு ஒன்றில் மூன்று நாட்கள் மான் வேட்டையாட எனக்கு அனுமதி கிடைத்திருந்தது.

நான் ஆயுளில் துப்பாக்கியைத் தொட்டதில்லை. திருநெல்வேலியில் ஆயுள் காப்பீட்டு அலுவலகத்தில் முப்பத்து மூன்று வருடம் வேலை பார்த்தவன். இந்த வயதுக்காரர், இந்தத் தொழில் செய்பவர், இன்னும் எத்தனை வருடம் இருப்பார் என்று அட்டவணை பார்த்துச் சொல்வது என் பிழைப்பாக இருந்தது. அந்தப் பழக்கத்தில், எந்தக் காரியத்தை எடுத்தாலும் அது எத்தனை வழிகளில் கெட்டுப்போகலாம் என்பதுதான் முதலில் கண்ணில் படும்.

அஞ்சலில் என் பெயருக்கு மேலே இன்னொரு பெயர் இருந்தது. பெனிட்டா, என் மருமகள். அந்த அனுமதி அவளுக்குக் கிடைக்கவேண்டியது. என் பெயர் அதில் எப்படி ஒட்டிக்கொண்டது என்பதைத்தான் எழுதப்போகிறேன்.

2

அமெரிக்காவில் துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு எந்தக் காட்டுக்குள்ளும் போய்விடலாம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். அப்படியில்லை. டெக்சாஸில் நிலம் பெரும்பாலும் தனியார் கையில் இருக்கிறது. பண்ணைக்காரர் யாரையாவது தெரிந்தவர்கள் போவார்கள், குத்தகை கட்ட வசதியுள்ளவர்கள் போவார்கள். மற்றவர்களுக்கு அரசுக் காடுதான். அங்கே ஒரு பருவத்துக்கு இத்தனை பேர் என்று சிலரைத்தான் விடுவார்கள். கேட்பவர்கள் ஏராளம் என்பதால் ஆண்டுதோறும் குலுக்கல் நடக்கும். விழாதவர்களுக்கு ஆறுதலாக ஒரு புள்ளி தருவார்கள். புள்ளி சேரச் சேர அடுத்த முறை வாய்ப்பு கூடும். ஒரு முறை விழுந்துவிட்டால் சேர்த்ததெல்லாம் அழிந்து மறுபடி பூஜ்யத்திலிருந்து தொடங்கவேண்டும்.

எங்கள் வீட்டுக்குக் குலுக்கல் புதிதல்ல. என் மகன் சாலமன் இந்த நாட்டுக்குள் வந்ததே விசா குலுக்கலில் விழுந்துதான். பேத்தி ரூத்துக்குப் பள்ளியில் இடம் கிடைத்ததும் குலுக்கலில்தான். இந்தியாவில் வரிசையில் நின்றோம், இங்கே குலுக்கலில் நிற்கிறோம். வரிசையில் என்றால் முன்னால் எத்தனை தலை என்று எண்ணியாவது பார்க்கலாம்.

பெனிட்டா நாகர்கோவில்காரி. ஹியூஸ்டனில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில், தீவிர சிகிச்சைப் பிரிவில் நர்ஸ். உடன் வேலை பார்த்த டார்லா என்ற மூத்த நர்ஸ் ஒரு குளிர்காலத்தில் தன் குடும்பப் பண்ணைக்கு இவளைக் கூட்டிப்போய்ச் சுடக் கற்றுக்கொடுத்தாள். திரும்பி வரும்போது காரின் பின்பக்கத்தில் ஐஸ் பெட்டி நிறையக் காட்டுப்பன்றிக் கறி இருந்தது. டார்லா ஓய்வு பெற்று வேறு மாநிலம் போனபின் பண்ணையும் கைமாறியது. அதற்கப்புறம் இவளுக்குக் குலுக்கலை விட்டால் வழியில்லை. ஏழு வருடம் விண்ணப்பித்து ஏழு வருடமும் விழவில்லை. கையில் ஏழு புள்ளி.

"அப்படி என்னம்மா இருக்கு அதுல?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"மூணு மணி நேரம் சும்மா உக்காந்திருக்கலாம் மாமா. ஒரு மெஷினும் பீப் அடிக்காது."

"மான் சாகும்லா?"

"அத நான்லா முடிவு பண்ணுவேன்" என்றாள். "வார்டுல யாரு என்னயக் கேட்டு சாவுறா?"



அவள் கேட்டிருந்த விலங்கை இங்கே ஆக்ஸிஸ் என்கிறார்கள். படத்தைப் பார்த்ததும் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தேன். அது நம் புள்ளிமான். பண்ணைக்காரர்கள் என்றோ அழகுக்காகக் கொண்டுவந்து விட, வேலி தாண்டிப் பெருகிவிட்டதாம். விண்ணப்பத்தில் 'அயல் விலங்குகள்' என்று தனிப் பிரிவில் வைத்திருக்கிறார்கள்.

"ஏல சாலமா, ஊருல இதத் தொட்டா உள்ள தூக்கி வச்சிருவான்" என்றேன்.

"அப்பா, இது டெக்சாஸ்."

"என் பாஸ்போர்ட் இந்தியாவுது தான?"

"மானுக்கு பாஸ்போர்ட் இல்லப்பா" என்று சொல்லிவிட்டு அவன் மீட்டிங்குக்குப் போய்விட்டான். ஊரில் இதைப் படிப்பவர்கள் தயவுசெய்து யாருக்கும் அனுப்பவேண்டாம். படம் எதுவும் இணைக்காததற்கும் அதுவே காரணம்.

3

வீட்டின் ஆன்லைன் காரியங்கள் எல்லாம் என் பொறுப்பு. மின்கட்டணம், பல் டாக்டர், ரூத்தின் கோடை முகாம் எல்லாம் நான்தான் பார்ப்பேன். இரவு வேலை முடிந்து வந்து தூங்கும் பெனிட்டாவால் இதெல்லாம் முடியாது. மான் குலுக்கல் விண்ணப்பமும் நான்கு வருடமாக என் கையில்தான் இருந்தது.

சென்ற ஆண்டு ஒரு அவசரம் சேர்ந்துகொண்டது. சாலமனுக்கு நியூஜெர்சியில் வேலை. அடுத்த ஜூனில் வெஸ்ட் வின்ட்சருக்குக் குடிபோவது என்று முடிவாகிவிட்டது. டெக்சாஸ் புள்ளி அங்கே செல்லாது. வெளிமாநிலத்தவராக இங்கேயே கேட்கலாம். ஆனால் கட்டணம் பல மடங்கு, விமானம் வேறு, புது ஆஸ்பத்திரியில் புது ஆளுக்கு லீவும் கிடைக்காது. "மாமா, இதான் கடைசி. பாத்துப் போடுங்க" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போனாள் பெனிட்டா.

நான் பார்த்துத்தான் போட்டேன். பார்க்கப் பார்க்கக் கவலை கூடியது. விழுந்துவிட்டால் இந்தப் பெண் துப்பாக்கியைக் காரில் வைத்துக்கொண்டு தனியாக ஐந்து மணி நேரம் ஓட்டவேண்டும். போன் எடுக்காத காட்டில் இரண்டு இரவு இருக்கவேண்டும். சாலமனோ ரத்தம் பார்த்தால் மயங்கி விழுகிறவன். யோசித்துக்கொண்டிருக்கும்போது திரையில் ஒரு கேள்வி வந்தது: குழுவில் வேறு யாரையாவது சேர்க்கிறீர்களா?

நம் வீடுகளில் யாருக்கும் இதற்கு விளக்கம் தேவைப்படாது. ரயில் டிக்கெட் என்றால் எல்லாப் பெயரையும் ஒன்றாகப் போடுவோம், பிரிந்துவிடக்கூடாது என்று. கிரீன் கார்டிலும் அப்படித்தான். சாலமன் வரிசையில் நின்ற அதே தேதிதான் அவன் மனைவிக்கும். டிபெண்டன்ட் என்று கூடவே ஒட்டிக்கொள்ளலாம், அதனால் முதல் ஆளுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. இந்த இருபது வருடத்தில் நாங்கள் படித்த பாடம் அதுதான். அவளுடைய ஏழு புள்ளி எனக்கும் நிழல் தரும் என்று நினைத்து என் பெயரைச் சேர்த்துவிட்டேன்.

மறுநாள் ஒப்புகை வந்தது. அதில் 'குழுவின் சராசரி' என்று ஒரு வரி இருந்தது. ஏழும் பூஜ்யமும் கூட்டி, இரண்டால் வகுத்து, மூன்றரை. கடைசித் தேதி முந்தின நாளோடு முடிந்திருந்தது. திருத்த வழியே இல்லை.

பெனிட்டா வேலை முடிந்து வந்து ஷூவைக் கழற்றும் முன்பே சொல்லிவிட்டேன். வைத்திருந்தால் எனக்கு ரத்த அழுத்தம் ஏறியிருக்கும்.

அவள் அந்தத் தாளை நின்றபடியே படித்தாள். "மாமா, நீங்க இதுல எதுக்கு?"

"தனியா போறியேன்னு..."

"என்ட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்லா? நான் என்ன கன்னியாகுமரி எக்ஸ்பிரஸ்லயா போறேன், கூட ஒரு பெர்த் போடுறதுக்கு?"

சாலமன் மாடிப்படியிலிருந்து, "விடு பென்னி, எப்படியும் விழப்போறதில்ல" என்றான். ஆறுதலாகச் சொல்வதாக அவனுக்கு நினைப்பு. அவள் ஒரு பார்வை பார்த்தாள். அவன் மேலேயே போய்விட்டான்.

4

அடுத்த ஏழெட்டு வாரம் வீட்டில் காற்றே இல்லை. வழக்கம்போல ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகுமுன் என் மாத்திரை டப்பாவைப் பெனிட்டாதான் நிரப்பினாள். காபியும் நேரத்துக்கு வந்தது. பேச்சு மட்டும் 'சரி மாமா', 'இல்ல மாமா' என்று இரண்டு சொல்லில் முடிந்தது.

"தாத்தா, மாம் இஸ் ரியலி மேட்" என்றாள் ரூத். அவளுக்குப் பதினான்கு வயது. நான் தமிழில் பேசுவது புரியும், பதில் ஆங்கிலத்தில்தான் வரும். "ஷி க்ளீன்ட் த கராஜ். ட்வைஸ்."

"நான் மன்னிப்பு கேட்டுட்டேன்டா கண்ணு."

"யா, பட் யூ கீப் ஆஸ்கிங். எவ்ரி டே."

அதுவும் உண்மைதான். விழாமல் போனால் அது என்னால்தானா, இல்லை ஏழு புள்ளியோடும் விழாமல்தான் போயிருக்குமா என்பது எந்தக் காலத்திலும் யாருக்கும் தெரியப்போவதில்லை. கணக்குப் பார்த்தே பழகியவனுக்கு இது பெரிய தண்டனை.

அதற்குப் பிறகுதான் அந்த வாழ்த்துகள் வந்தது. மூன்றரைப் புள்ளியில் விழுந்துவிட்டது. பெனிட்டாவை எழுப்பிச் சொன்னேன். போர்வையோடு எழுந்து வந்து இரண்டு தடவை படித்துவிட்டு, சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்து சிரித்தாள்.

"நீங்க வரவேண்டாம் மாமா. நான் போயிட்டு வந்துருவேன்" என்றாள் பிறகு.

எனக்கு அடுத்த பயம் பிடித்துக்கொண்டது. குழுவாக விழுந்தது. குழுவில் ஒரு ஆள் வராவிட்டால் மொத்தத்தையும் ரத்து செய்துவிட்டால்? விதிகளை மூன்று முறை படித்தேன். அப்படிச் சொல்லவில்லை, அப்படி இல்லை என்றும் எனக்குத் தெளிவாகப் படவில்லை. ஒருமுறை கெடுத்தவன் இரண்டாம் முறையும் கெடுக்கக்கூடாது. ஆகவே நானும் உரிமம் வாங்கினேன். வேட்டைப் பாதுகாப்புப் பயிற்சி ஒன்று உண்டு. ஆனால் ஒரு குறிப்பிட்ட ஆண்டுக்கு முன் பிறந்தவர்களுக்கு விலக்காம். குழுவில் துப்பாக்கி பற்றி எதுவும் தெரியாத ஆள் நான்தான், எனக்குத் தேர்வு இல்லை. என் அலுவலகத்தில் இப்படி ஒரு விதியைக் கொண்டுவந்திருந்தால் நான் கையெழுத்துப் போட்டிருக்கமாட்டேன்.

5

காட்டின் வாசலில் ஒரு சிறிய ஆபீஸ். உள்ளே பெயர் சரிபார்த்தது ஒரு இளம் பெண் அதிகாரி. மான் என்று யாரும் சுட்டுவிடாமலிருக்க எல்லோரும் போடவேண்டிய ஆரஞ்சு நிறத் தொப்பி என் தலையில் இருந்ததையும் குளிர்க் கோட்டுக்கு மேல் போட்டிருந்த ஆரஞ்சு மேல்சட்டையையும் பார்த்துவிட்டு, நீங்களும் சுடப்போகிறீர்களா என்று கேட்டாள்.

"நோ, நோ. ஐ ஆம் ஒன்லி டிபெண்டன்ட்" என்றேன்.

அவள் சிரித்தாள். பின்னால் நின்றிருந்த இரண்டு தாடிக்காரர்களும் சிரித்தார்கள். சும்மா சிரிப்புதான், கெட்ட சிரிப்பில்லை. அப்படியானால் நீங்கள் வீட்டிலேயே இருந்திருக்கலாமே, ஒருவர் வராவிட்டாலும் இவர் அனுமதி செல்லும் என்றாள்.

பெனிட்டா என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் சுவரில் மாட்டியிருந்த வரைபடத்தைப் பார்த்தேன்.

எங்களுக்குக் கொடுத்தது இரும்புக் கால்களின் மேல் நிற்கும் ஒரு மரப்பெட்டி. ஏணியில் ஏறி உள்ளே போனால் இரண்டு நாற்காலி, நான்கு பக்கமும் சின்ன ஜன்னல். முதல் நாள் சாயங்காலம் வான்கோழிகள் வந்தன, ஒரு நரி வந்தது. மான் வரவில்லை. இருட்டியதும் இறங்கினோம்.

இரண்டாம் நாள் விடியுமுன் மறுபடி ஏறினோம். நல்ல குளிர். வெளிச்சம் பரவிக்கொண்டிருக்கும்போது பெனிட்டா என் முழங்கையை ஒரு விரலால் தொட்டாள். புதர்களுக்கு நடுவிலிருந்து மூன்று மான்கள். இரண்டு பெட்டை, பின்னால் ஒரு ஆண் மான். கொம்பு என் கை நீளம் இருக்கும். அவள் துப்பாக்கியை ஜன்னல் விளிம்பில் வைத்துக் கன்னத்தைச் சாய்த்தாள். ஒரு பெட்டை குறுக்கே நின்றது. அது நகரவேண்டும். காத்திருந்தாள்.

அப்போது என் தொண்டையில் ஒரு அரிப்பு.

விழுங்கினேன். மஃப்ளரை வாயில் திணித்தேன். பெட்டை அரை அடி நகர்ந்து மறுபடி குனிந்து மேய்ந்தது. என் மார்பு தூக்கித் தூக்கிப் போட்டது, கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. ஏழு வருடம், ஏழு வருடம் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே நாற்காலியின் கையைப் பிடித்திருந்தேன். பெட்டை இன்னும் ஒரு எட்டு வைத்தது. ஆண் மானின் தோள் முழுசாகத் தெரிந்தது. சுடு, சுடு என்று நினைத்தேன்.

சத்தமே வரவில்லை. திரும்பிப் பார்த்தேன். அவள் கன்னத்தை எடுத்துவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மருமகளின் முகமாக அது இல்லை. நோயாளியைப் பார்க்கும் முகம்.

"மாமா, அடக்காதீங்க. இருமுங்க" என்றாள். ரகசியக் குரலில் இல்லை, வார்டில் பேசும் குரலில்.

அந்தக் குரலுக்கே மான்கள் தலை தூக்கின. என் இருமலுக்குக் காத்திருக்கவில்லை.

நான் இருமி முடிக்கும்வரை முதுகைத் தட்டினாள். பிறகு மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்தாள்.

"போச்சேம்மா."

"தண்ணி குடிங்க."

"ஏழு வருஷம்..."

"தண்ணியக் குடிங்க மாமா."

வெயில் ஏறும்வரை இருந்தோம். ஒன்றும் வரவில்லை. ஏணியில் எனக்கு முன்னால் இறங்கி, என் காலை ஒவ்வொரு படியிலும் எடுத்து வைத்தாள். கீழே வந்ததும், "சாயங்காலம் நீங்க கார்லயே இருங்க" என்றாள்.

"சரிம்மா."

"கோவத்துல சொல்லல." கொஞ்ச தூரம் நடந்தாள். "கொஞ்சம் கோவந்தான்."

6

அன்று சாயங்காலம் தனியாகப் போய்த் தனியாகத் திரும்பினாள். மூன்றாம் நாள் காலையோடு அனுமதி முடிகிறது. பாதையோரத்தில் காரை நிறுத்தி, கண்ணாடியை இரண்டு விரல் அளவு இறக்கிவைத்து, பிளாஸ்க்கை என் மடியில் கொடுத்துவிட்டு இருட்டோடு நடந்து போனாள். "வெடிச் சத்தம் கேட்டா இறங்கி ஓடி வந்துராதீங்க. நான் வருவேன்" என்றாள்.

போனில் சிக்னல் இல்லை. ஒருவர் ஏணியிலிருந்து விழலாம். பாம்பு இருக்கலாம், ஆனால் குளிரில் பாம்பு வராது. பக்கத்துப் பிரிவில் இருக்கும் தாடிக்காரரின் குண்டு வழி தவறலாம். ஒவ்வொன்றுக்கும் எத்தனையில் ஒன்று என்று எனக்குத் தெரிந்தவரை கணக்குப் போட்டுப் பார்த்தேன். எல்லாம் சின்ன எண்கள்தான். என் அலுவலகத்துக்கு வந்த விதவைகள் அத்தனை பேரும் சின்ன எண்களிலிருந்து வந்தவர்கள்.

வெளிச்சம் வந்தது. ஒரு வெடி. அவ்வளவுதான். இரண்டாவது கேட்கவில்லை. கதவுப் பிடியில் கை வைத்தேன், எடுத்தேன், மறுபடி வைத்தேன். ஓடி வராதே என்றுதானே சொன்னாள், இறங்கி நிற்கக்கூடாது என்று சொல்லவில்லையே. இறங்கி நின்றேன்.

எவ்வளவு நேரம் என்று நான் பார்க்கவில்லை. புதருக்குள்ளிருந்து ஆரஞ்சுத் தொப்பி தெரிந்தது. நடந்துதான் வந்தாள்.

"விழுந்துட்டு மாமா. ஒரே குண்டு. அந்த எடத்துலயே."

சொல்லிவிட்டுக் காரின் சக்கரத்தில் சாய்ந்து தரையில் உட்கார்ந்து அழ ஆரம்பித்துவிட்டாள்.

"ஏம்மா, நல்லபடியாத்தானே..."

"நல்லபடியாத்தான். கொஞ்ச நேரம் சும்மா இருங்க."

கல்யாணத்தன்று ஆசீர்வாதத்துக்குத் தலையில் கை வைத்ததைத் தவிர நான் அவளைத் தொட்டதில்லை. இப்போது வைக்கலாமா என்று தெரியவில்லை. பிளாஸ்க்கைத் திறந்து மூடியில் காபி ஊற்றிப் பக்கத்தில் வைத்துவிட்டு, கொஞ்சம் தள்ளி நின்றுகொண்டேன். ஆறினபிறகு எடுத்துக் குடித்தாள். முகத்தைச் சட்டைக் கையில் துடைத்துக்கொண்டு எழுந்தாள்.

"வாங்க. என்னால தனியா இழுக்க முடியாது. பெரிசு."

கல்லும் முள்ளுமான தரையில் அவள் பின்னாலேயே போனேன். புல்லில் ஒரு பக்கமாகக் கிடந்தது. அந்தப் புள்ளிகளை அவ்வளவு அருகில் நான் பார்த்ததேயில்லை. வேறெங்காவது பார்க்கலாம் என்றால் எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. பெனிட்டா குனிந்து அதன் கழுத்தில் கொஞ்ச நேரம் கை வைத்திருந்தாள். பிறகு ஒரு கொம்பைத் தான் பிடித்துக்கொண்டு, மற்றதை எனக்குக் காட்டினாள். பிடித்தேன். சொரசொரப்பாக, மரக்கிளை மாதிரி இருந்தது. காதுப் பக்கம் கை பட்டபோது இன்னும் சூடு இருந்தது.

"ஒண்ணு, ரெண்டு சொல்லி இழுப்போம்" என்றாள். இழுத்தோம். நகர்ந்தது.

"மாமா."

"என்னம்மா?"

"கண்ணத் தொறந்துட்டு இழுங்க. முன்னாடி கல்லு கெடக்கு."

திறந்தேன்.